விடைக் கையேட்டை மனப்பாடம் செய்தால் போதாது

"பவர் எலக்ட்ரானிக்ஸில் எல்லாமே ஒரே மாதிரிக் கணக்குதான், விடைக் கையேட்டை நாலு தடவை எழுதிப் பார்த்தால் போதும்" என்று மேலே ஒரு நண்பர் சொல்லியிருக்கிறார். தேர்வுக்குப் படிப்பவர்களை இது தவறான பக்கம் திருப்பிவிடும் என்பதால் சொல்கிறேன்.

ஒரு பக் கன்வர்ட்டரை (நேர்மின்னழுத்தத்தைக் குறைத்துத் தரும் சுற்று) எடுங்கள். உள்ளீடு 24 வோல்ட், டியூட்டி (ஒவ்வொரு சுழற்சியிலும் சுவிட்ச் ஆனில் இருக்கும் நேரப் பங்கு) 0.5, இண்டக்டர் (மின்சுருள்) 100 மைக்ரோஹென்றி, சுவிட்ச் அதிர்வெண் 50 கிலோஹெர்ட்ஸ், லோடு 10 ஓம். விடை, அதாவது வெளியீடு, 12 வோல்ட். கையேட்டிலும் அப்படித்தான் இருக்கும். அதே கணக்கில் லோடை மட்டும் 100 ஓம் ஆக்குங்கள். மனப்பாடம் செய்தவர் மறுபடியும் 12 என்றே எழுதுவார். ஆனால் இப்போது ஒவ்வொரு சுழற்சியிலும் இண்டக்டர் மின்னோட்டம் பூஜ்ஜியத்தைத் தொட்டு அங்கேயே கொஞ்ச நேரம் நிற்கிறது. இழப்புகளைக் கணக்கில் எடுக்காவிட்டால் வெளியீடு சுமார் 18.4 வோல்ட்! டியூட்டியை உள்ளீட்டால் பெருக்கும் சூத்திரம் மின்னோட்டம் தொடர்ச்சியாக ஓடும்போது மட்டுமே செல்லும். கையேடு பெரும்பாலும் அந்த நிபந்தனையைச் சோதித்துக் காட்டாமல் நேராகச் சூத்திரத்துக்குப் போய்விடும்.

கையேடே வேண்டாம் என்று நான் சொல்லவில்லை, எனக்கும் அது நிறைய உதவியிருக்கிறது. முதலில் இண்டக்டரின் மின்னழுத்த, மின்னோட்ட அலைவடிவங்களை நீங்களே வரையுங்கள். எங்கே சிக்குகிறதோ அந்த ஒரு வரியை மட்டும் பார்த்துவிட்டு மூடிவிடுங்கள். கையேட்டிலும் அச்சுப்பிழை வரும். இழப்பில்லாச் சுற்றென்றால் உள்ளே போகும் திறனும் வெளியே வரும் திறனும் சமமா என்று கடைசியில் பாருங்கள்.