சவப்பெட்டியில் சாரா பெர்னார்: அது மரணப் படம் இல்லை

"காலை இழந்து, மேடையையும் இழந்து, அநாதையாக இறந்த பிரெஞ்சு நடிகை சாரா பெர்னாரின் கடைசிப் படம்" என்று ஒரு வாட்ஸ்அப் செய்தி சுற்றுகிறது. தவறு.

அந்தப் படம் 1880 வாக்கில் மெலாந்தி என்ற புகைப்படக்காரருக்காக அவரே சவப்பெட்டியில் கண்மூடிப் படுத்துக் கொடுத்த போஸ். முகத்தைப் பாருங்கள், முப்பதுகளில் இருக்கும் பெண். அவர் இறந்தது 1923 மார்ச் 26, பாரிஸில், 78 வயதில்.

1915-இல் வலது கால் அகற்றப்பட்டது உண்மைதான். ஆனால் மேடையை விடவில்லை. நாற்காலியில் தூக்கிச் செல்லப்பட்டு, போர்முனையில் இருந்த வீரர்களுக்கும் நடித்துக் காட்டினார்! இறுதி நாட்களில்கூட அவர் வீட்டிலேயே சினிமாப் படப்பிடிப்பு நடந்தது.

பிரான்ஸ் தேசிய நூலகத்தின் காலிகா தளத்தில் அவர் இறந்த வார நாளிதழ்களை இலவசமாகப் பார்க்கலாம். தயவுசெய்து இதை இனி ஃபார்வர்டு செய்யாதீர்கள்.