கவாத்து

அக்கா: என்ன தம்பி இது? செடிகளா, பெட்டிகளா?

தம்பி: நீங்கள்தானே கவாத்து பண்ணு என்றீர்கள்? பாருங்கள், எல்லாம் ஒரே உயரம். ஒன்றுகூட நெளியவில்லை.

அக்கா: செடிக்குப் பண்ணச் சொன்னேன். போலீசுக்கு இல்லை.

தம்பி: கவாத்து என்றால் அணிவகுப்புதானே?

அக்கா: கிளை கழிப்பதற்கும் அதே பெயர்தான்.

தம்பி: நானும் கழித்துத்தானே நிறுத்தியிருக்கிறேன்! வாராவாரம் ஞாயிற்றுக்கிழமை, கயிறு கட்டி, மட்டம் பார்த்து.

அக்கா: பூ எங்கே?

தம்பி: வரிசை எப்படி? அதைச் சொல்லுங்கள்.

அக்கா: இது இட்லிப்பூதானே? கொத்து எங்கே வரும்?

தம்பி: செடியில்.

அக்கா: கிளை நுனியில். நீ வாராவாரம் சீவுகிறாயே, அதே நுனியில். செம்பருத்தியும் புதுத் தளிரில்தான் மொட்டு வைக்கும். தளிர் எட்டிப் பார்த்ததுமே தலையை எடுத்தால் அது எப்போது மொட்டு வைப்பது?

தம்பி: ஒரு கிளை மட்டும் வரிசையை விட்டு நீட்டிக்கொண்டு நின்றது அக்கா. பார்க்கவே அசிங்கமாக இருந்தது.

அக்கா: அந்த ஒன்றுதான் பூக்க வந்தது.

தம்பி: சத்து போதவில்லையோ என்று யூரியா வேறு போட்டேன்.

அக்கா: இலையாகத் தள்ளியிருக்குமே.

தம்பி: ஆமாம்! வெட்டி மாளவில்லை.

அக்கா: இங்கே வா. இந்தப் புதரை விலக்கி உள்ளே பார்.

தம்பி: வெறும் குச்சி.

அக்கா: மேலாகவே சீவிச் சீவி வெளிப்பக்கம் அடைத்துக்கொண்டது. உள்ளே வெயில் போகவில்லை. வெளியே சீருடை, உள்ளே எலும்புக்கூடு. முதலில் காய்ந்த கிளை, ஒன்றோடொன்று உரசும் கிளை, உள்பக்கமாக வளரும் கிளை, இதையெல்லாம் அடியோடு எடு. மற்றதை வெளிப்பக்கம் பார்த்த தளிர்மொட்டுக்குச் சற்று மேலே, சாய்வாக வெட்டு. ஒரே தடவையில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் போகாதே.

தம்பி: அப்படி வெட்டினால் ஒன்று நெட்டை, ஒன்று குட்டை என்று நிற்குமே?

அக்கா: நிற்கும்.

தம்பி: அப்போ வரிசை?

அக்கா: பூ எங்கே?

தம்பி: சரி, காகிதப்பூவை நான் தொடவே இல்லை. தினமும் 2 வேளை தண்ணீர் மட்டும்தான். அதுவும் பூக்கவில்லையே?

அக்கா: வேர் பிடித்த காகிதப்பூவைக் கொஞ்சம் காயவிட்டால்தான் நிறம் காட்டும். நீ முள் வளர்க்கிறாய்.

தம்பி: ஆனால் தெருவில் போகிறவர்களெல்லாம் நின்று பார்க்கிறார்கள். 'எவ்வளவு சுத்தம்!' என்கிறார்கள்.

அக்கா: (இதற்காகவே காத்திருந்தவர் போல) அந்தச் சுத்தத்துக்கு மதில் கட்டியிருக்கலாமே தம்பி. தண்ணீரும் கேட்காது, தலையும் நீட்டாது. கத்தரி வாங்கினவர்கள் எல்லாருக்கும் கை அரிக்கிறது. வெட்டுவதற்கு ஒன்றும் இல்லாத நாளிலும் வெட்டுகிறார்கள். அப்புறம் நாற்று விற்றவன் ஏமாற்றிவிட்டான் என்பார்கள்.

தம்பி: நானும் அப்படித்தான் சொல்லிக்கொண்டிருந்தேன்.

அக்கா: தெரியும். அந்தக் குவியல் எதற்கு?

தம்பி: எரிக்கப் போகிறேன்.

அக்கா: அதில் அரளியும் கிடக்கிறது. அதன் புகையும் விஷம். தீப்பெட்டியைக் கொடு. அப்படியே கத்தரியையும் கொடு.

தம்பி: கத்தரி எதற்கு?

அக்கா: 3 மாதம் என் வீட்டில் இருக்கட்டும்.

தம்பி: ஐயோ, வரிசை கலைந்துவிடுமே!

அக்கா: கலையட்டும்.

தம்பி: (கத்தரியைக் கொடுத்துவிட்டு, செடிகள் பக்கம் திரும்பி, விறைப்பாக நின்று) கலைந்து செல்!