போலீஸ் மீது வழக்கே போட முடியாதா?

"அமெரிக்காவில் போலீஸ் என்ன செய்தாலும் வழக்கே போட முடியாது, குவாலிஃபைடு இம்யூனிட்டி காப்பாற்றிவிடும்" என்று ஒரு ஃபார்வர்டு சுற்றுகிறது. தப்பு. குவாலிஃபைடு இம்யூனிட்டி என்பது, அரசு ஊழியர் செய்தது உரிமை மீறல் என்று முன்பே தெளிவான தீர்ப்பு இல்லாவிட்டால் அவர்மீதான வழக்கிலிருந்து காக்கும் பாதுகாப்பு. அது நஷ்டஈடு கேட்கும் சிவில் வழக்குக்கு மட்டும்தான். கிரிமினல் வழக்கில் செல்லாது. ஜார்ஜ் ஃபிளாய்டைக் கொன்ற போலீஸ்காரர் டெரிக் சாவினுக்கு 2021இல் இருபத்திரண்டரை ஆண்டு சிறை கிடைத்ததே!

அப்புறம், இது நாடாளுமன்றம் போட்ட சட்டமும் இல்லை, 1967 முதல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பு தீர்ப்பாக வளர்த்த கோட்பாடு. அதற்காக நல்லது என்று சொல்லவில்லை. கலிஃபோர்னியாவின் ஃபிரெஸ்னோ நகரில் சோதனைக்கு வந்த போலீஸார் 2,25,000 டாலருக்கு மேல் திருடினார்கள் என்று வழக்குப் போட்டால், 'இது உரிமை மீறல் என்று தெளிவான முன் தீர்ப்பு இல்லை' என்று 2019இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் அவர்களை விட்டுவிட்டது. திருடக்கூடாது என்பதற்கு முன் தீர்ப்பு வேண்டுமாம்!