உளவாளி வீட்டு வயல்

ஜப்பானியத் திரைப்பட இயக்குநர் அகிரா குரோசாவா என்றதும் பலருக்கும் சாமுராய்களே நினைவுக்கு வருகிறார்கள். எனக்கோ, போர் முடிந்த மறு ஆண்டில், 1946இல், தோஹோ திரைப்பட நிறுவனத்துக்காக அவர் எடுத்த 'நம் இளமைக்காக வருந்தவில்லை' என்ற படம்தான் முதலில் நினைவுக்கு வரும்.

கதைக்கு அடியில் இரண்டு உண்மை நிகழ்வுகள் இருக்கின்றன. கியோத்தோ பல்கலைக்கழகச் சட்டப் பேராசிரியர் தகிகாவா, தம் கருத்துகளுக்காக 1933இல் பதவியிலிருந்து விலக்கப்பட்டபோது, சட்டத்துறை ஆசிரியர்கள் அனைவரும் பதவி விலகல் கடிதம் கொடுத்தார்கள். அடுத்தது, பிரதமர் கொனோயேவுக்கு ஆலோசனை சொல்லும் இடத்தில் இருந்த பத்திரிகையாளர் ஹொட்சுமி ஒசாக்கி, ரிச்சர்ட் சோர்கேயின் உளவுக் குழுவில் இருந்ததற்காக 1941இல் கைதாகி, 1944 நவம்பர் 7 அன்று சோர்கேயுடன் தூக்கிலிடப்பட்டது.

அந்தக் குழு சோவியத் செஞ்சேனையின் உளவுத்துறைக்காக வேலை செய்தது. படம் அதைத் தொடவே இல்லை. ஒசாக்கியின் சாயலில் உருவான நோகே, போரைத் தடுக்க முயன்றவனாக மட்டுமே வருகிறான். அமெரிக்க ஆக்கிரமிப்பு நிர்வாகத்தின் தணிக்கை நடந்த காலம் அது என்றாலும், இதை ஒரு குறையாகவே நான் கருதுகிறேன். தன் நாட்டின் இரகசியத்தை வேறொரு நாட்டுக்குக் கொடுத்தவனை நேசிப்பது எப்படி என்ற கடினமான கேள்வியைப் படம் கேட்டிருக்கலாம்.

ஆயினும் நோகே சிறையில் இறந்த பிறகு வரும் பகுதிக்காக எதையும் மன்னிக்கத் தோன்றுகிறது. தகிகாவாவின் சாயலில் உருவான பேராசிரியரின் மகளாக, பியானோ வாசித்து வளர்ந்த அவன் மனைவி யூக்கியே, அவனுடைய பெற்றோர் வாழும் கிராமத்துக்குப் போகிறாள். உளவாளியைப் பெற்றவர்கள் என்ற பழிக்கு அஞ்சி அவர்கள் பகலில் கதவை அடைத்துக்கொண்டு, இரவில்தான் வயலில் இறங்குகிறார்கள். அவளோ மாமியாரோடு சேற்றில் நின்று, காய்ச்சலோடும் நாற்று நட்டு முடிக்கிறாள். மறுநாள் பார்த்தால், நட்டது முழுவதையும் ஊரார் நாசமாக்கி, வசைப் பலகைகளையும் நட்டுவைத்திருக்கிறார்கள்.

இந்த நடவுக் காட்சிகள் அரசியலை விட்டு விலகிப் போய்விட்டன என்று சொல்பவர்களோடு என்னால் உடன்பட முடியவில்லை. 'உளவாளி' என்ற ஒரு சொல்லைக் கொண்டு ஒரு முழுக் குடும்பத்தை ஊர் எப்படித் தண்டிக்கிறது என்பதை விசாரணை அறையில் காட்ட முடியாது, வயலில்தான் காட்ட முடியும். யூக்கியேவாக நடிக்கும் செட்சுகோ ஹாரா அங்கே அழுது புலம்புவதில்லை. குனிந்து, சிதைந்து கிடப்பதை அகற்றத் தொடங்குகிறார். மாமியாராக வரும் ஹருகோ சுகிமுராவும் அவரோடு சேற்றில் இறங்குகிறார்.