முதலில் சிக்குவது ஜிபிஎஸ்
காலத்தின் நெசவு பிரியும் கற்பனைப் பேரழிவில் சுவர்க் கடிகாரங்கள்தான் முதலில் நிற்கும் என்கிறது நான் படித்த ஒரு கட்டுரை. எனக்கு அது சரியாகப் படவில்லை. இடத்துக்கு இடம் காலத்தின் வேகம் மாறினால் முதலில் சிக்குவது ஜிபிஎஸ். அதன் செயற்கைக்கோள் கடிகாரங்கள் இப்போதே தரையைவிட நாளுக்குச் சுமார் 38 மைக்ரோவினாடி (ஒரு மைக்ரோவினாடி என்பது வினாடியில் பத்து லட்சத்தில் ஒரு பங்கு) முந்தும்: ஈர்ப்பு குறைவதால் 45 கூடும், வேகத்தால் 7 குறையும். அதற்காகவே அந்தக் கடிகாரங்கள் துடிக்கும் 10.23 மெகாஹெர்ட்ஸ் அலைவெண்ணை ஏவும் முன்பே துளி குறைத்து வைக்கிறார்கள். இழை பிரிந்தால் இந்தத் திருத்தம் பொருந்தாது. எல்லாக் கடிகாரமும் ஒரே அளவு பிசகினால், சிக்னலைப் பெறும் கருவியான ரிசீவர் சமாளித்துவிடும். ஒவ்வொன்றும் ஒவ்வொரு விதமாகப் பிசகுவதுதான் ஆபத்து. சிக்னல் வந்து சேரும் நேரத்தை வைத்துத்தான் ரிசீவர் தூரத்தைக் கணக்கிடுகிறது; அதனால் ஒரே ஒரு மைக்ரோவினாடிக்கு 300 மீட்டர் தூரம் தப்பும். சுவர்க் கடிகாரத்தில் முள் ஒரு மயிரிழைகூட விலகியிருக்காது, அதற்குள் கப்பல் பாறையில் ஏறியிருக்கும்.