சந்தோஷ் குமாரை யாரும் மதம் மாற்றவில்லை

நேற்றிலிருந்து சுற்றிக்கொண்டிருக்கும் அந்தச் சந்தோஷ் குமார் மீமைப் பற்றித்தான். படிய வாரிய தலை, மெல்லிய மீசை, கறுப்பு வெள்ளைப் படம். கீழே “பாகிஸ்தானின் முதல் இந்து சூப்பர் ஸ்டார், மதம் மாற்றினார்கள், மறந்தார்கள்” என்று அழுகிற பொம்மையோடு. என் நட்புப் பட்டியலில் நன்றாகப் படித்தவர்களே பகிர்ந்திருக்கிறார்கள்.

அவர் இந்துவே இல்லைங்க. சையத் மூசா ரஸா, லாகூரில் பிறந்தவர். பம்பாய் சினிமாவுக்குள் நுழைந்தபோது வைத்துக்கொண்ட பெயர்தான் சந்தோஷ் குமார். யூசுஃப் கான் திலீப் குமார் ஆன காலம் அது. மதுபாலா, மீனா குமாரி எல்லாம் அப்படி வந்த பெயர்கள்தான். சினிமாவுக்கு ஒரு பெயர், அவ்வளவுதான். மாறுவதற்கு அங்கே மதமே இல்லை.

சுவாரசியமான விஷயம் இதற்கப்புறம்தான். பிரிவினைக்குப் பிறகு லாகூரில் நடிக்க வந்தவர் அந்தப் பெயரைக் கழற்றி எறியவில்லை. 1950ல் ‘தோ ஆன்ஸு’, பாகிஸ்தானில் வெள்ளிவிழா கண்ட முதல் உருதுப் படம், ஹீரோ சந்தோஷ் குமார். பாகிஸ்தான் சினிமாவுக்கான நிகார் விருது தொடங்கியபோது, 1957ல் வந்த ‘வாதா’வுக்காக முதல் சிறந்த நடிகர், அதே சந்தோஷ் குமார். நடிகை சபீஹா கானமோடு ஜோடி சேர்ந்து படம் படமாக நடித்து, அவரையே கல்யாணமும் செய்துகொண்டார். தம்பி நடிக்க வந்து வைத்துக்கொண்ட பெயர் தர்பன். இங்கே இந்தியாவில் ‘பூட் பாலிஷ்’ படத்தில் நடித்த பையன் ரத்தன் குமாரின் சொந்தப் பெயர் சையத் நசீர் அலி. பாகிஸ்தான் போய் ஹீரோ ஆன பிறகும் ரத்தன் குமார்தான். 1982ல் இறக்கும்வரை மூசா ரஸா ஊருக்கெல்லாம் சந்தோஷ். இவரைத்தான் மறந்தார்களாம்.

“அப்போ பாகிஸ்தான் சொர்க்கமா?” என்று வருவீர்கள். நான் எங்கே அப்படிச் சொன்னேன்? சினிமா இயக்குநர் ரூப் ஷோரி பிரிவினையில் லாகூரில் ஸ்டுடியோவைப் பறிகொடுத்து பம்பாய் வந்த கதை எனக்கும் தெரியும். அதை எழுதுங்கள், முதல் ஆளாக நான் பகிர்கிறேன். பாகிஸ்தான் சினிமாவில் நிஜமான இந்துவே வேண்டுமா? 1948ல் அந்த நாட்டின் முதல் படமான ‘தேரி யாத்’தைத் தயாரித்தவர் திவான் சர்தாரி லால். ஹீரோ யார் தெரியுமா, திலீப் குமாரின் தம்பி நாசிர் கான். ‘சஸ்ஸி’ படத்தை எடுத்த எவர்ரெடி பிக்சர்ஸ் ஜே.சி. ஆனந்த் கராச்சியிலேயே தொழில் செய்தவர். இவர்களைப் பற்றி ஒரு மீம் உண்டா? கிடையாது. ஹீரோ முகம் இல்லையே, அழுகிற பொம்மை ஒட்டாது.

“ஒரு பழைய நடிகருக்காக நீ ஏன் இவ்வளவு கொதிக்கிறாய்?” சரி, சொல்கிறேன். ஆபீசில் நான் ராஜா. தெருவிலும் ராஜா. வீடு பார்க்கப் போனபோது புரோக்கரும் “ராஜா சார்” என்றுதான் அறிமுகப்படுத்தினார். வீட்டுக்காரம்மா மோர் கொடுத்தார், தண்ணீர்த் தொட்டியைக் காட்டினார், வாடகையில் கொஞ்சம் குறைக்கக்கூடச் சம்மதித்தார். அக்ரிமெண்டுக்கு ஆதார் ஜெராக்ஸ் கேட்டார்கள். ராஜா முகமது என்று எழுதியிருந்த இடத்தில் அவர் கட்டைவிரல் நின்றது. “முதல்லயே சொல்லியிருக்கலாமே தம்பி” என்றார். எதை? பிறகு பெங்களூரிலிருந்து மருமகன் குடிவரப் போகிறார் என்றார்கள். அட்வான்ஸ் கவரைப் பிரிக்காமலே திருப்பித் தந்தார்கள், அந்த மரியாதைக்குக் குறைச்சல் இல்லை. என் அப்பா ஆசையாக வைத்த பெயரில் நான் யாரையோ ஏமாற்றிவிட்டதாக அவர் முகத்தில் ஒரு வருத்தம்!

அதனால்தான் கொதிக்கிறது. பெயரைப் பார்த்து ஒரு மனிதனுக்கு மதம் ஒதுக்குவது, ஒதுக்கியது தப்பென்று தெரிந்தால் அவன்மேலேயே கோபப்படுவது. மூசா ரஸாவுக்காவது சினிமாக் காரணம் இருந்தது.

“எல்லாத்தையும் உன் கதையாக்காதே” என்று ஒருவர் எழுதுவார். எழுதட்டும், அவருக்கு வாடகை வீடு கிடைத்திருக்கும்.

மீமைப் பகிர்ந்த ஒரு மூத்த நண்பருக்கு இவ்வளவையும் உள்பெட்டியில் பொறுமையாக எழுதினேன். பதில் வந்தது: “தகவல் தப்பா இருக்கலாம் தம்பி, கருத்து சரிதானே?” பதிவை இன்னும் எடுக்கவில்லை. எந்தக் கருத்து, அண்ணே?