கையுறை போட்டவனுக்கு ஆட்டம் தெரியாதாம்

சனிக்கிழமை எங்கள் கால்பந்துக் கூட்டத்தில் நடந்தது இங்கே பலருக்குத் தெரியும். தெரியாதவர்கள் இன்பாக்ஸில் வந்து கேட்க வேண்டாம், பெயர் சொல்லப் போவதில்லை. எங்கள் பழைய கோச் அண்ணனைப் பற்றிச் சொன்ன வார்த்தை மட்டும் போதும்: “அவர் கீப்பரா இருந்தவர்தானே, கீப்பர்களுக்கு மட்டும் பயிற்சி கொடுக்கட்டும். மொத்த டீமையும் கொடுத்தா என்ன பண்ணுவார்?” எல்லோரும் சிரித்தார்கள். அண்ணனும் சேர்ந்து சிரித்தார். அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை.

பதினைந்து வருஷம் தொழில்முறையில் கோல் போஸ்ட்டில் நின்ற மனிதர். மைதானத்தில் மற்ற இருபத்தொரு பேரையும் ஒரே பார்வையில் பார்க்கிற ஆள் கீப்பர் மட்டும்தான். ஸ்ட்ரைக்கர் பார்ப்பது எதிரே இருக்கும் வலையை. நடுக்களக்காரனுக்கு முதுகுக்குப் பின்னால் வருபவன் தெரியாது. கார்னருக்கு யார் யாரைப் பிடிக்க வேண்டும், ஃப்ரீகிக் சுவரில் எத்தனை பேர், டிஃபென்ஸ் வரிசை எப்போது மேலே ஏற வேண்டும் என்று தொண்டை கிழியக் கத்துவது யார்? 1992-இல் பேக்பாஸை, அதாவது சொந்த அணிக்காரன் காலால் திருப்பித் தள்ளும் பந்தை, கையால் எடுக்கக் கூடாது என்று விதி வந்த பிறகு, காலால் ஆட்டத்தைத் தொடங்கி வைப்பவனும் அவன்தான். ஆனாலும் அவனுக்கு ஆட்டம் தெரியாது. சரி.

“மொரின்ஹோவைப் பார், தந்திரம்னா அது” என்று அதே கூட்டத்தில் ஒருவர் உருகினார். போர்ச்சுகல் கோச் மொரின்ஹோவின் அப்பா ஃபெலிக்ஸ் யார்? போர்ச்சுகலுக்கு ஆடிய கோல்கீப்பர், பிறகு கோச். எதிரணியை வேவு பார்த்துக் குறிப்பெழுதும் வேலையை மொரின்ஹோ சின்ன வயதில் செய்து கொடுத்ததே அப்பாவுக்காகத்தான். 2004-இல் மொரின்ஹோ கோச்சாக இருந்த போர்ட்டோ கிளப் ஐரோப்பாவின் சாம்பியன்ஸ் லீக் வென்றபோது பெஞ்சில் இரண்டாவது கீப்பராக உட்கார்ந்திருந்த நுனோ, பின்னால் கோச்சாகி, வுல்வ்ஸ் கிளப்பை 2018-இல் இங்கிலாந்தின் பிரீமியர் லீகுக்குக் கொண்டுவந்து அடுத்தடுத்து இரண்டு வருஷம் ஏழாம் இடத்தில் நிறுத்தினார். பெஞ்சில் இருந்தவன் தூங்கிக்கொண்டா இருந்தான்?

“பெரிய கோச்களான கார்டியோலா, ஆன்செலோட்டி எல்லாம் நடுக்களக்காரர்கள், கீப்பர் கோச்கள் எண்ணிக்கையில் குறைவு” என்பீர்கள். குறைவுதான், ஒத்துக்கொள்கிறேன். பதினொரு பேரில் கீப்பர் ஒருவன், பத்துப் பேர் கூட்டத்திலிருந்து அதிகம் பேர் வரத்தானே செய்வார்கள்? வந்த கொஞ்சம் பேரையும் நீங்கள் சும்மா விடுவதில்லை. கீப்பர் டினோ ஸோஃப் 1982-இல் நாற்பது வயதில் இத்தாலிக் கேப்டனாக உலகக் கோப்பையைத் தூக்கியவர். கோச்சாக 1990-இல் யுவெண்டஸ் கிளப்புக்கு யூஇஎஃப்ஏ கோப்பையும் இத்தாலியக் கோப்பையும் வாங்கித் தந்தார். அதோடு அவரை அனுப்பிவிட்டார்கள். பின்னால் இத்தாலிக்குக் கோச்சானார். 2000 யூரோ இறுதிப் போட்டியில் இத்தாலி ஜெயிக்கக் கடைசி சில நொடிகள்தான் பாக்கி. பிரான்ஸின் வில்டோர் சமன் செய்தார், கூடுதல் நேரத்தில் ட்ரெஸெகே, விழுந்ததுமே ஆட்டம் முடிந்துவிடும் தங்க கோலை அடித்தார். உடனே இத்தாலிய அரசியல்வாதி பெர்லுஸ்கோனி, பிரான்ஸ் நட்சத்திரம் ஸிடானைப் பிடிக்க ஆள் போடவில்லையே என்று ஸோஃபைக் கிழித்தார். மனிதர் வாதாடிக்கொண்டிருக்கவில்லை, ராஜினாமா செய்துவிட்டுப் போய்விட்டார். ஸ்ட்ரைக்கராக இருந்த கோச் தோற்றால் அதிர்ஷ்டம் இல்லை என்கிறோம், கீப்பராக இருந்தவர் தோற்றால் மட்டும் அறிவு இல்லை.

“உனக்கு அவர் மேல் பாசம், அதான் எழுதுகிறாய்.” ஆமாம், பாசம்தான். கல்லூரி அணியில் நானும் கீப்பர், அண்ணன் எங்கள் கோச். ஒரு அரையிறுதி, முடிய இரண்டு நிமிஷம் இருந்தது. மெதுவாக உருண்டு வந்த பந்து என் இரண்டு காலுக்கும் நடுவே புகுந்து போய்விட்டது. தோற்றோம். அதன் பிறகு மூன்று வருஷம் என் பெயர் ‘கேட்டு’, திறந்து கிடக்கும் வாசல் கேட்டாம். கல்யாணத்துக்கு வந்தவன்கூட மேடையில் நின்று “கேட்டு, வாழ்த்துகள்” என்றான்.

மறுநாள் பயிற்சியில் அண்ணன் என்னைத் திட்டவில்லை. ஷூ குதிகாலால் மண்ணில் கோடு போட ஆரம்பித்தார். என் காலிலிருந்து தொடங்கிப் பின்னோக்கிப் போனார்: ஷாட், அதற்கு முந்தைய பாஸ், அதற்கும் முந்தையது என்று ஐந்தாவது பாஸ் வரை. அங்கே ஒரு பெருக்கல் குறி போட்டார். “கோல் இங்க விழுந்துச்சு. வலைக்குள்ள போனது அப்புறம்.” அந்த இடத்தில், பக்கவாட்டுக் கோட்டோரம், எங்கள் ரைட் பேக், அதாவது வலப்பக்கத் தடுப்பாட்டக்காரன், தேவையில்லாமல் இரண்டு பேரை ஏமாற்றப் பார்த்துப் பந்தைப் பறிகொடுத்திருந்தான். “உன் காலை நீ சேத்து வெச்சிருக்கணும், அது தனி” என்றும் சொன்னார், மறைக்க விரும்பவில்லை. ஆனால் அன்றைக்குத்தான் எனக்கு ஆட்டம் பார்க்கத் தெரிந்தது. வாங்கிய ஒவ்வொரு கோலையும் ராத்திரி தூக்கமில்லாமல் பின்னோக்கி ஓட்டிப் பார்த்தவனுக்குத்தான் இப்படிக் கோடு போட வரும்.

“உணர்ச்சிவசப்படாதே, அவர் நகைச்சுவையாகத்தானே சொன்னார்” என்று நேற்றே மூன்று பேர் மெசேஜ் அனுப்பிவிட்டார்கள். ‘கேட்டு’கூட நகைச்சுவைதான். நானும் அப்போது சிரித்தேன். அண்ணன் சனிக்கிழமை சிரித்தாரே, அந்தச் சிரிப்பு எனக்கு நன்றாகத் தெரியும்.

பெயர் சொல்ல மாட்டேன் என்றேன், சொல்லவும் இல்லை. மைக்கைப் பிடித்து அதைச் சொன்னவர் எந்த இடத்தில் ஆடியவர் என்று எங்கள் பழைய அணிக்காரர்களைக் கேட்டுப் பாருங்கள். அந்தப் பெருக்கல் குறி யாருக்காகப் போட்டது என்று அவர்களுக்கு இன்னும் ஞாபகம் இருக்கும்.